வாசகர் கேள்வி–பதில்: விண்மீன் கடற்பீச்சி ஒன்றா, பலவா?

சென்ற இதழின் பின்னட்டையில், படகுத்துறையில் நீருக்குள் தொங்கிய கயிறு ஒன்றின்மேல் பூவேலைப்பாடு போலப் படர்ந்திருந்த ஓர் உயிரியின் ஒளிப்படத்தை வெளியிட்டிருந்தோம். அதற்குக் கீழே, “விண்மீன் கடற்பீச்சி, உறவுமுறையில் நத்தையைவிட நமக்கு நெருக்கமானது” என்று ஒரே வரி மட்டும் எழுதியிருந்தோம். அந்த ஒரு வரி இத்தனை கடிதங்களைக் கொண்டுவந்து சேர்க்கும் என்று எதிர்பார்க்கவில்லை. ஒரே பொருளைப் பற்றிய கேள்விகளைச் சேர்த்துவிட்டு, இந்த இதழின் பகுதி முழுவதையும் அதற்கே ஒதுக்கியிருக்கிறோம்.

கேள்வி: படத்தில் இருப்பது செடியா, பாசியா, பவளமா? விலங்கு என்றால் அதன் வாய் எங்கே, வயிறு எங்கே?

விலங்குதான். ஆனால் உங்களுக்கு வந்த ஐயம் அறிவியலுக்கும் வந்தது. அது தீர ஏறத்தாழ அறுபது ஆண்டுகள் ஆயின. 1750-களின் நடுப்பகுதியில், ஷ்லோசர் என்ற டச்சு மருத்துவர் இங்கிலாந்தின் தென்மேற்கு முனையில் உள்ள பல்மத் துறைமுகத்தில் கடற்பாசிகளைத் தேடிக்கொண்டிருந்தபோது, ஒரு பாசித் தண்டைச் சுற்றிச் சதைப்பற்றோடு ஒட்டியிருந்த, விண்மீன் விண்மீனாகப் புள்ளியிட்ட ஒரு பொருளைக் கண்டு, அதைப் பவளம் போன்றது என்று இலண்டனுக்குக் கடிதம் எழுதினார். பல்லாஸ் என்ற இயற்கை ஆய்வாளர் 1766-இல் அதை மென்பவளங்களின் வரிசையில் சேர்த்து, ஷ்லோசரின் பெயரையே சிற்றினப் பெயராக வைத்தார். ‘பொட்ரில்லஸ் ஷ்லோசெரி’ என்று இன்று வழங்கும் பெயரின் பின்பாதி அவ்வாறு வந்தது; முன்பாதி, திராட்சைக்குலையைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது.

அக்காலத்தவர் ஒவ்வொரு விண்மீனையும் ஒரு விலங்கு என்றும், அதன் கதிர்களை அவ்விலங்கின் கைகள் என்றும் கொண்டனர். 1816-இல் பிரெஞ்சு விலங்கியலாளர் சாவிஞி உருப்பெருக்கியின் அடியில் பொறுமையாக அறுத்துப் பார்த்து அந்தக் கணக்கைத் திருத்தினார். கைகள் என்று எண்ணப்பட்ட ஒவ்வொரு கதிரும், தனக்கென வாயும் குடலும் இதயமும் கொண்ட ஒரு முழு விலங்கு என்பதே அவர் கண்டது. இரண்டு மூன்று மில்லிமீட்டர் நீளமே உள்ள இந்த விலங்குகளை இப்பகுதியில் ‘சிற்றுயிர்கள்’ என்று அழைப்போம். ஐந்து முதல் இருபது வரையிலான சிற்றுயிர்கள் வட்டமாகக் கூடி ஒரு விண்மீன் ஆகின்றன. பல விண்மீன்கள் ஒரே பிசின் போன்ற மேலுறைக்குள் பதிந்து ஒரு கூட்டுயிரி ஆகின்றன.

இனி, வாய் எங்கே என்ற கேள்வி. ஒவ்வொரு சிற்றுயிருக்கும் விண்மீனின் வெளிவிளிம்பை ஒட்டித் தனி வாய்த்துளை உண்டு. அதன் வழியே உள்ளே இழுக்கப்படும் கடல்நீர், கூடை போன்ற தொண்டைச் சுவரின் இடுக்குகளில் வடிகட்டப்படுகிறது. நீரில் மிதக்கும் நுண்பாசிகளும் பாக்டீரியாக்களும் ஒரு சளிவலையில் சிக்கி வயிற்றுக்குள் போக, வடிந்த நீர் விண்மீனின் நடுவே உள்ள பொதுத் துளை வழியே எல்லோருக்குமாக வெளியேறுகிறது. ஆளுக்கொரு வாசல், ஊருக்கெல்லாம் ஒரே வடிகால் என்று வைத்துக்கொள்ளுங்கள். பல சிற்றுயிர்கள் வெளியேற்றும் நீர் ஒரே துளையில் சேர்ந்து வேகத்தோடு பாய்வதால், ஒருமுறை வடிகட்டிய நீரையே மீண்டும் குடிக்க நேரும் சங்கடமும் குறைகிறது.

‘கடற்பீச்சி’ என்ற பெயர், இந்தக் குடும்பத்தில் தனித்து வாழும் பெரிய இனங்களைத் தொட்டால் அவை உடலைச் சுருக்கி நீரைப் பீச்சியடிப்பதால் வந்தது. நம் பாடநூல்களில் ‘அசிடியன்’ என்று படித்திருப்பீர்கள். உலகில் ஏறத்தாழ மூவாயிரம் இனங்கள் உள்ளன. அவற்றில் தனித்து வாழ்வனவும் உண்டு, கூட்டாக வாழ்வனவும் உண்டு.

கேள்வி: நத்தைக்குத் தலை உண்டு, கண் உண்டு, நகரவும் செய்யும். பிசின் போல ஒட்டிக்கிடக்கும் ஒன்றை அதைவிட நமக்கு நெருங்கிய உறவு என்று எப்படிச் சொல்கிறீர்கள்?

வளர்ந்த உருவத்தைப் பார்த்து உறவு சொல்ல முடியாத விலங்குகளுள் இது முதன்மையானது. இதன் குழந்தைப் பருவத்தைப் பார்க்க வேண்டும். தாயின் உடலுக்குள்ளேயே கருவாக வளர்ந்து வெளியேறும் இளவுயிரி, சிறு தவளையின் தலைப்பிரட்டையைப் போல வால் வீசி நீந்தும். அந்த வாலுக்குள் நீளவாக்கில் விறைப்பான ஒரு தண்டு ஓடுகிறது; அதுவே முதுகுநாண். அதன் மேற்புறத்தில் உட்குழிவான நரம்புவடமும், முன்பக்கத்தில் ஒளியை உணரும் ஒரு புள்ளியும் உள்ளன. நம்முடைய கருவிலும் முதுகெலும்பு உருவாகுமுன் இதே முதுகுநாண் இதே இடத்தில் தோன்றுகிறது. நத்தைக்கோ நண்டுக்கோ பூச்சிக்கோ வாழ்வின் எந்தக் கட்டத்திலும் இது இல்லை.

இதை 1866-இல் உலகுக்குக் காட்டியவர் ரஷ்யக் கருவியலாளர் கோவலேவ்ஸ்கி. அதுவரை அசிடியன்கள் சிப்பி, நத்தை முதலிய மெல்லுடலிகளோடு சேர்த்தே எண்ணப்பட்டு வந்தன. கோவலேவ்ஸ்கியின் கண்டுபிடிப்பை டார்வின் உடனே பற்றிக்கொண்டார். 1871-இல் மனிதனின் தோற்றம் பற்றி எழுதிய நூலில், முதுகெலும்பிகளின் மூலத்தைத் தேடுவதற்கான தடயமாக அதை எடுத்துக்காட்டினார். அதன்பின் நெடுங்காலம், மீனைப் போன்ற உருவம் கொண்ட ஆம்பியாக்சஸ்தான் முதுகெலும்பிகளுக்கு மிக நெருங்கிய உறவு என்று கருதப்பட்டது. 2006-இல் பல மரபணுக்களை ஒருசேர ஒப்பிட்டபோது அந்த இடம் அசிடியன்கள் அடங்கிய வால்நாணிகளுக்கே உரியது என்று தெரியவந்தது. ஆம்பியாக்சஸ் ஒரு படி தள்ளி நிற்கிறது.

வளர்ந்த உடலிலும் ஒரு தடயம் எஞ்சியிருக்கிறது. முன்பு சொன்ன சளிவலையைச் சுரப்பது, தொண்டையின் அடியில் ஓடும் ஒரு பள்ளம். அது கடல்நீரிலிருந்து அயோடினைப் பிரித்துச் சேர்த்துக்கொள்ளும். நம் கழுத்தில் உள்ள தைராய்டு சுரப்பி அதன் வழிவந்ததே.

பங்காளிகளிடம் இல்லாத ஒரு சொத்தும் இவ்வினத்திடம் உண்டு. அந்தப் பிசின் மேலுறையில் செல்லுலோஸ் இருக்கிறது. பருத்தியிலும் மரத்திலும் உள்ள அதே செல்லுலோஸ். தன் உடலில் செல்லுலோஸைத் தானே தயாரிக்கும் விலங்குக் குழு இது ஒன்றே. அதற்கான மரபணுவை மிகப் பழங்காலத்தில் ஒரு பாக்டீரியாவிடமிருந்து பெற்றிருக்க வேண்டும் என்பது ஆய்வாளர் முடிவு. செடியா என்று கேட்ட முதல் கடிதக்காரர் அந்த அளவில் மனநிறைவு கொள்ளலாம்.

கேள்வி: கடற்பீச்சி பாறையில் ஒட்டியதும் தன் மூளையைத் தானே தின்றுவிடும் என்று படித்தேன். உண்மையா?

நகைச்சுவைக்காகச் சொல்லப்பட்டு, திரும்பத் திரும்பச் சொல்லப்பட்டே உண்மையின் தோற்றம் பெற்ற செய்தி இது. இளவுயிரி நீந்துவது பெரும்பாலும் சில நிமிடங்களோ சில மணி நேரமோதான். அது எதையும் உண்பதில்லை. ஒட்டுவதற்கு இடம் தேடுவது ஒன்றே அதன் வேலை. தலையை அழுத்தி ஒட்டிக்கொண்டதும் வால் உள்ளிழுக்கப்படுகிறது. முதுகுநாணும், நீந்துவதற்கென்றே அமைந்த நரம்பு மண்டலத்தின் பெரும்பகுதியும் கரைந்து உடலுக்குள் சேர்ந்துவிடுகின்றன. ஆனால் அந்த இடத்தில் வளர்ந்த உயிருக்குரிய புதிய நரம்புமுடிச்சு ஒன்று உருவாகிறது. தொண்டையையும் தசைகளையும் இதயத்தையும் உடைய உடலை இயக்க அது தேவை. ஆகவே நடப்பது மூளையைத் தின்பது அன்று, மாற்றுவது. தலைப்பிரட்டை தவளையாகும்போது வாலை இழப்பதை யாரும் வாலைத் தின்றது என்று சொல்வதில்லை.

விண்மீன் கடற்பீச்சியைப் பொறுத்தவரை அந்த நகைச்சுவையையே மிஞ்சும் ஒரு செய்தி இருக்கிறது. இது மூளையை வாழ்வில் ஒருமுறை மாற்றுவதோடு நிற்பதில்லை; வாரந்தோறும் மாற்றுகிறது. அடுத்த கேள்வி அதைப் பற்றியதே.

கேள்வி: ஒரு கூட்டுயிரியை ஒரு விலங்கு என்று எண்ணுவதா, ஆயிரம் விலங்குகள் என்று எண்ணுவதா? உயிரியல் பயிலும் எங்கள் வகுப்பில் இது பெரிய வாக்குவாதமாகிவிட்டது.

வாக்குவாதத்தில் இரு தரப்பும் தோற்றிருக்க மாட்டீர்கள் என்று நினைக்கிறேன். ஒட்டிக்கொண்ட இளவுயிரியிலிருந்து முதலில் ஒரே ஒரு சிற்றுயிர்தான் உருவாகிறது. அதன் விலாவில் மொட்டு அரும்புகிறது. அந்த மொட்டு முழுச் சிற்றுயிராக வளர்வதற்குள் அதன் விலாவிலும் மொட்டு அரும்பிவிடுகிறது. எனவே எந்த நாளில் பார்த்தாலும் பாட்டி, மகள், பேத்தி என்று மூன்று தலைமுறைகள் ஒரே மேலுறைக்குள் இருக்கும். உண்பதும் நீர் இறைப்பதும் பாட்டி தலைமுறையின் வேலை. மற்ற இரண்டும் அதன் உழைப்பில் வளர்கின்றன. எல்லோரையும் இணைக்கும் குருதிக்குழாய்கள் மேலுறைக்குள் பின்னிக் கிடக்கின்றன. இக்குழாய்கள் விளிம்பை அடையும் இடத்தில் விரல்நுனி போன்ற பைகளாக முடிகின்றன. கூட்டுயிரியின் ஓரத்தைச் சுற்றி ஒளிப்படத்தில் மணிகோத்தது போலத் தெரிந்தவை அந்தப் பைகளே.

நீரின் வெப்பம் 18 முதல் 20 பாகை செல்சியஸ் அளவில் இருந்தால், ஏறத்தாழ ஏழு நாளுக்கு ஒருமுறை மூத்த தலைமுறை முழுவதும் ஒரே நேரத்தில் இறந்துபோகிறது. எல்லா விண்மீன்களின் எல்லா வாய்களும் மூடிக்கொள்கின்றன. உடல்கள் வாய்ப்பக்கத்திலிருந்து பின்னோக்கிச் சுருங்குகின்றன. செல்கள் திட்டமிட்டபடி தம்மைத் தாமே அழித்துக்கொள்ள, குருதியில் உலவும் விழுங்கும் செல்கள் வந்து எச்சங்களை அள்ளிச் செரித்து, அந்தச் சத்தைத் தளிர்களுக்குக் கொடுக்கின்றன. ஒன்று ஒன்றரை நாளுக்குள் மொட்டுகள் வளர்ந்து வாய் திறக்கின்றன. நேற்றுவரை பேத்தியாக இருந்தது இன்று மகள். அதன் விலாவில் புதிய பேத்தி. நோயால் நேர்வதன்று, முதுமைத் தளர்ச்சியால் நேர்வதும் அன்று. வேலை முறை மாறுவது போல, நாள் குறித்து நடப்பது.

சிற்றுயிரைக் கணக்கெடுத்தால் ஆயுள் மிகக் குறைவு: மொட்டாக அரும்பியதிலிருந்து மூன்று வாரம் போல, அதில் வாய் திறந்து வாழ்வது ஒரு வாரம். கூட்டுயிரியைக் கணக்கெடுத்தால் ஆயுள் கடலில் மாதங்கள். ஆய்வகத் தொட்டிகளில் கவனமாக வளர்க்கப்பட்ட சில கூட்டுயிரிகள் பதினைந்து ஆண்டுகளைத் தாண்டியும் வாழ்ந்திருக்கின்றன. அத்தனை ஆண்டுகளில் அதில் ஒரு சிற்றுயிர்கூட ஒரு வாரத்துக்கு மேல் இரை உண்டதில்லை. தொடர்ந்து இருப்பவை மேலுறையும் குருதிக்குழாய் வலையும், தலைமுறைக்குத் தலைமுறை மொட்டுகளுக்குள் குடிபெயர்ந்துகொண்டே இருக்கும் குருத்தணுக்களும்தான் (பிற வகைச் செல்களாக மாறவல்ல செல்கள்).

மூளையைப் பற்றிச் சொன்னதற்கு வருகிறேன். ஒவ்வொரு சிற்றுயிரின் நரம்புமுடிச்சிலும் சில நூறு நரம்பணுக்கள் உள்ளன. அந்த எண்ணிக்கை இறுதி நாள்வரை அப்படியே இருந்து திடீரென்று அழிவதில்லை. இறப்புக்குச் சில நாள் முன்பிருந்தே நரம்பணுக்கள் குறையத் தொடங்குகின்றன. சிற்றுயிரின் உணர்திறனும் மங்குகிறது. 2022-இல் வெளியான ஆய்வு ஒன்று, இந்த வாராந்தரத் தேய்வின்போது இயங்கும் மரபணுக்களில் பல, மனிதரின் மூளைச் சிதைவு நோய்களோடு தொடர்புடைய மரபணுக்களுக்கு இணையானவை என்று காட்டியது. அதோடு, வயதான கூட்டுயிரிகளில் பிறக்கும் வாராந்தரச் சிற்றுயிர்களின் மூளையில், இளைய கூட்டுயிரிகளில் பிறப்பனவற்றைவிட நரம்பணுக்கள் குறைவு என்றும் தெரிந்தது. அதாவது, வாரந்தோறும் புத்தம்புதிதாகக் கட்டப்படும் மூளையிலும் கூட்டுயிரியின் முதுமை தெரிகிறது. உங்கள் வகுப்பில் ‘ஒன்று’ என்று வாதிட்டவர்களுக்கு இதைவிட வலுவான சான்று கிடைக்காது என்பது என் கருத்து. ஆனால் அடுத்த பதிலைப் படித்துவிட்டு வெற்றியைக் கொண்டாடட்டும்.

கேள்வி: இரண்டு கூட்டுயிரிகள் படர்ந்து வந்து ஒன்றையொன்று தொட்டால் என்ன ஆகும்? சண்டையிடுமா?

இந்தச் சிறு உயிரியை ஆய்வகங்கள் நூறாண்டுக்கும் மேலாகக் கைவிடாமல் வைத்திருப்பதற்கு முதன்மையான காரணம் இந்தக் கேள்விதான். இரண்டு ஓரங்களும் தொட்டுக்கொண்டதும் விளிம்பில் உள்ள குருதிப் பைகள் நீண்டு ஒன்றையொன்று தடவிப் பார்க்கின்றன. அதன்பின் நடப்பது இரண்டில் ஒன்று. பைகளின் சுவர்கள் திறந்து குருதி கலந்து, இரண்டும் ஒரே கூட்டுயிரி ஆகிவிடலாம். அல்லது, குருதியில் உள்ள ஒருவகைச் செல்கள் தொட்ட இடத்தில் குவிந்து வெடித்து, நச்சுப்பொருளைக் கொட்டி, அந்த இடம் கருத்துச் செத்து, நடுவே ஒரு தழும்பு வரப்பாக நிற்கலாம்.

எது நடக்கும் என்பதை முடிவு செய்வது பெரும்பாலும் ஒரே ஒரு மரபிடம், அதாவது மரபுப்பொருளில் உள்ள ஒரு குறிப்பிட்ட இடம். ஒவ்வொரு கூட்டுயிரிக்கும் அந்த இடத்தில் தாய் வழியாக ஒன்றும் தந்தை வழியாக ஒன்றுமாக இரு வடிவங்கள் இருக்கும். சந்திக்கும் இரண்டுக்கும் அவற்றில் ஒன்றாவது பொதுவாக இருந்தால் இணைப்பு; ஒன்றும் பொதுவாக இல்லையென்றால் பகை. தாயும் சேயும் எப்போதும் இணையும், ஏனெனில் சேயிடம் தாயின் வடிவம் ஒன்று கட்டாயம் இருக்கும். பெற்றோரின் நான்கு வடிவங்களும் வெவ்வேறானவை என்றால், உடன்பிறந்தவை இணைய நான்கில் மூன்று பங்கு வாய்ப்பு. உறவில்லாத இரண்டு இணைவது அரிது, ஏனெனில் ஒரே துறைமுகத்தில்கூட இந்த மரபிடத்துக்கு ஏராளமான வடிவங்கள் உலவுகின்றன. இவ்வினக் குழுவில் இதை முதலில் பதிவு செய்தவர் பான்கிராஃப்ட், ஆண்டு 1903. விதியை விளக்கிக் காட்டியவர்கள் ஜப்பானில் ஓகாவும் வதனபேவும், இத்தாலியில் சபாதினும். 2013-இல், அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த குழுவினர் இவ்வினத்தின் மரபணுத்தொகுதியை வெளியிட்டனர். ஏறத்தாழ 58 கோடி டி.என்.ஏ. எழுத்துகள். அதே ஆண்டில் இந்த முடிவை நடத்தும் மரபணு இன்னது என்றும் அறிவித்தனர்.

மாற்று உறுப்பு பொருத்தும்போது நம் உடல் அதை ஏற்பதும் ஒதுக்குவதும் இதே வகையான ‘தன்னது, பிறரது’ கணக்குத்தான். ஆனால் நம் உடல் பயன்படுத்தும் மரபணுக்கள் வேறு. இரண்டும் ஒரே மூலத்திலிருந்து நேராக வந்தவை என்று சிலர் எழுதுவது மிகை.

இணைந்தால் நன்மைதானே என்று தோன்றும். கூட்டுயிரி பெரிதாகும், இடம் பிடிப்பது எளிதாகும். ஆனால் குருதியோடு குருத்தணுக்களும் கலக்கின்றன. ஒன்றின் குருத்தணுக்கள் மற்றொன்றின் மொட்டுகளுக்குள் நுழைந்து, அங்கே முட்டைகளாகவும் விந்தணுக்களாகவும் மாறிவிடுவது உண்டு. வெளித்தோற்றத்தில் ஒன்றின் உடல்; அது ஈனும் பிள்ளைகளோ மற்றொன்றின் பிள்ளைகள். காக்கைக் கூட்டில் குயில் முட்டையிடுவதையாவது கூட்டுக்கு வெளியே நடக்கும் ஏமாற்று எனலாம். இங்கே ஏமாற்று உடலுக்குள்ளேயே நடக்கிறது. நெருங்கிய நட்பை ஈருடல் ஓருயிர் என்கிறோம். இது அதற்கு நேர்மாறான ஓருடல் ஈருயிர், அதுவும் ஓர் உயிர் மற்றதை மெல்ல வெளியேற்றும் ஏற்பாடு. உறவினரோடு மட்டும் இணைவது என்ற கண்டிப்பான விதி ஏன் தோன்றியது என்பதற்கு இதுவே பெரும்பாலோர் ஏற்கும் விளக்கம்: உடலைப் பறிகொடுத்தாலும், பறித்தவர் உறவினராக இருந்தால் இழப்பு பாதிதான்.

ஆகவே வகுப்பில் ‘பல’ என்று வாதிட்டவர்கள் இந்தப் பதிலை எடுத்துப் போகலாம்.

கேள்வி: தொட்டால் அரிக்குமா, கடிக்குமா?

இரண்டும் இல்லை. வழுவழுப்பான ரப்பரைத் தொட்டது போல இருக்கும்.

கேள்வி: கடற்பீச்சியிலிருந்து புற்றுநோய் மருந்து எடுக்கிறார்களாமே! இந்த இனம்தானா அது?

இது அன்று, இதன் தொலை உறவு. அட்லாண்டிக்கின் வெப்பப் பகுதியிலும் கரீபியன் கடலிலும் அலையாத்தி மரங்களின் வேர்களில் கொத்துக்கொத்தாக வாழும் ‘எக்டினாசிடியா டர்பினேட்டா’ என்ற மற்றொரு கூட்டுயிர்க் கடற்பீச்சியில் கண்டறியப்பட்ட பொருளே டிராபெக்டெடின் என்ற மருந்து. அதன் சாற்றுக்குப் புற்றுச்செல்களைத் தடுக்கும் ஆற்றல் உண்டு என்பது 1960-களின் இறுதியிலேயே தெரிந்திருந்தது. ஆனால் ஒரு கிராம் மருந்துக்கு ஏறத்தாழ ஒரு டன் கடற்பீச்சி வேண்டும் என்ற நிலையில் அதைக் கடலிலிருந்து அள்ளி மருந்தாக்குவது நடவாத காரியம். வேதியியலாளர்கள் வேறொரு பாக்டீரியா தரும் பொருளிலிருந்து தொடங்கி அதைச் செயற்கையாகச் செய்யும் வழியைக் கண்ட பிறகே மருந்து மருத்துவமனைக்கு வந்தது. மென்திசுப் புற்றுகளுக்கு 2007-இல் ஐரோப்பாவிலும் 2015-இல் அமெரிக்காவிலும் ஒப்புதல் பெற்றது. உண்மையில் அந்தப் பொருளைத் தயாரிப்பது கடற்பீச்சியே அன்று, அதன் உடலில் குடியிருக்கும் ஒரு பாக்டீரியா என்பது பின்னர் தெரியவந்தது. புகழ் மட்டும் வீட்டுக்காரருக்குப் போய்விட்டது.

கேள்வி: இதைப் பல நாடுகளில் தீங்கு செய்யும் அயல் உயிரி என்று பட்டியலிட்டிருக்கிறார்களே! நீங்கள் ஏன் இவ்வளவு பரிவோடு எழுதுகிறீர்கள்?

பரிவு இல்லை, வியப்புதான்; தீங்கை மறுக்கவும் இல்லை. இவ்வினத்தின் பூர்விகம் மத்தியதரைக் கடலும் ஐரோப்பாவின் அட்லாண்டிக் கரையும் என்பதே பெரும்பாலோர் கருத்து. இன்று மிகக் குளிர்ந்த கடல்களைத் தவிர உலகின் பெரும்பாலான துறைமுகங்களில் இது இருக்கிறது. சான்பிரான்சிஸ்கோ விரிகுடாவில் 1940-களில் தென்பட்டது. கனடாவின் பிரின்ஸ் எட்வர்டு தீவில் 2001-இல் கண்டறியப்பட்டது. அங்கே கயிற்றில் கட்டித் தொங்கவிட்டுச் சிப்பி வளர்ப்போருக்கு அது பெரிய தொல்லையாயிற்று. கயிற்றின்மேல் படர்ந்தால் எடை கூடுகிறது. சிப்பிகளின் வாய்களை மூடுகிறது. அவை உண்ண வேண்டிய நுண்பாசியையும் இதுவே வடிகட்டித் தின்றுவிடுகிறது.

சில மணி நேரம் மட்டுமே நீந்தும் இளவுயிரியைக் கொண்டு பெருங்கடலைத் தாண்ட முடியாது. தாண்டியது ஒட்டிய நிலையில்தான்: கப்பல்களின் அடிப்பகுதியில், படகுகளின் கயிறுகளில், ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்கு வளர்ப்புக்காகக் கொண்டுசெல்லப்பட்ட சிப்பிகளின் ஓட்டின்மேல். அதன் வல்லமைகளே அதை ஒழிப்பதற்குத் தடையாகவும் நிற்கின்றன. வேகமான நீரைப் பீய்ச்சிக் கழுவினால் பிய்ந்துபோகும் துண்டுகள் வேறிடத்தில் விழுந்து ஒட்டிக்கொண்டு வளரும். இதன் நெருங்கிய உறவான பொட்ரில்லாய்டஸ் இனங்களில், எல்லாச் சிற்றுயிர்களும் அழிந்து வெறும் குருதிக்குழாய்த் துணுக்கு மட்டும் எஞ்சினாலும் அதிலிருந்து முழு விலங்கு மீண்டும் உருவாகும். கயிறுகளை நீரிலிருந்து எடுத்து வெயிலில் காயவிடுவதும் நன்னீரில் முக்கி எடுப்பதும் பயன் தருகின்றன; கடலுக்குள் நிலையாக இருக்கும் கட்டுமானங்களுக்கு அந்த வழியும் இல்லை.

பூர்விகக் கடல்களில் இதைக் கட்டுக்குள் வைக்க எதிரிகள் உண்டு. சோழி போன்ற ஓடுடைய ஒரு சிறு நத்தை இதையே விரும்பித் தின்கிறது. தின்ற இடத்திலேயே மேலுறையில் குழி பறித்துத் தன் முட்டைகளையும் வைத்துவிட்டுப் போகிறது.

இன்னொரு சிக்கலையும் சொல்ல வேண்டும். ஒரே இனம் என்று எண்ணி உலகெங்கும் பட்டியலிட்டது ஒரே இனம்தானா என்ற ஐயம் மரபணு ஆய்வுகளால் எழுந்தது. பார்வைக்கு ஒன்றுபோல் இருந்த கிளைகளுள் ஒன்றை 2020-இல் ‘பொட்ரில்லஸ் காயே’ என்று தனி இனமாகவே பிரித்தார்கள். ஆகவே பழைய பட்டியல்களில் உள்ள பெயரைப் பார்த்து ‘இங்கே வந்தது அதுதான்’ என்று உறுதியாகச் சொல்வதில் இன்று சற்றுக் கவனம் தேவைப்படுகிறது.

கேள்வி: இதை நானே பார்க்க முடியுமா? என்ன கருவி வேண்டும்?

பத்து மடங்கு பெருக்கும் கைக்கண்ணாடி ஒன்று போதும். அலையடிக்கும் திறந்த கரையைவிட, அமைதியான படகுத்துறைகளில் தேடுங்கள். நீண்ட நாள் நீரில் கிடந்த கயிறு, மிதவை, சிப்பியோடு, பாசித் தண்டு ஆகியவற்றின் நிழற்பக்கத்தில் இருக்கும். நிறத்தை நம்ப வேண்டா: ஒரே துறையில் மஞ்சள், செம்மஞ்சள், ஊதா, ஏறக்குறையக் கருப்பு என்று அடுத்தடுத்துக் காணலாம், நிறம் பெற்றோர் வழி வருவது, இனத்தை அது காட்டாது. வடிவத்தைப் பாருங்கள். சிற்றுயிர்கள் வட்டமாகக் கூடி, நடுவில் ஒரே துளையோடு விண்மீன் போல இருந்தால் இது அல்லது இதன் மிக நெருங்கிய உறவு. வளைந்து வளைந்து ஏணிப்படி போல இருவரிசையாக ஓடினால் அது பொட்ரில்லாய்டஸ்.

கயிற்றை அப்படியே கடல்நீர் நிறைந்த வெள்ளைத் தட்டில் வைத்து, நிழலில், ஐந்து நிமிடம் அசைக்காமல் விடுங்கள். வெளியே எடுத்தபோது மூடிக்கொண்ட வாய்கள் ஒவ்வொன்றாகத் திறக்கும். விளிம்பில் உள்ள பைகள் மெல்ல விரிந்து சுருங்குவதைக் காணலாம். நல்ல வெளிச்சமும் பொறுமையும் இருந்தால் குழாய்களில் குருதி ஓடுவதும், சில நிமிடங்களுக்கு ஒருமுறை அது நின்று எதிர்த்திசையில் ஓடத் தொடங்குவதும் தெரியும். கடற்பீச்சிகளின் இதயம் அவ்வப்போது திசை மாற்றித் துடிக்கும். பார்த்து முடித்ததும் எடுத்த இடத்திலேயே திருப்பி வைத்துவிடுங்கள். வேறு துறைக்கோ தொட்டிக்கோ கொண்டுசெல்ல வேண்டா.

எல்லா வாய்களும் மூடி, உடல்கள் சுருங்கி, அசைவே இல்லாமல் கிடந்தால் செத்துப்போயிற்று என்று எண்ணித் திரும்பிவிடாதீர்கள். நீங்கள் போனது தலைமுறை மாறும் நாளாக இருக்கலாம். இரண்டு நாள் கழித்து அதே கயிற்றை எடுத்துப் பாருங்கள்.